தளங்களிடம் பேரம் பேசும் சட்டங்கள்: உள்ளூர் டிவி செய்திக்கு அதில் என்ன மிஞ்சுகிறது?

#1 செய்திமேசை

கூகுள், மெட்டா (ஃபேஸ்புக்கின் தாய் நிறுவனம்) போன்ற தளங்கள் செய்தி நிறுவனங்களோடு உட்கார்ந்து விலை பேச வேண்டும் என்று ஆஸ்திரேலியா 2021-இல் சட்டம் போட்டது. கனடா 2023-இல் போட்டது. நியூசிலாந்து மசோதாவோடு நின்றுவிட்டது. இதைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் நாளிதழ், இணையதளம் என்றே போகிறது. ஒரு சிறு நகரத்தில் மாலை ஆறு மணிக்கு அரை மணி நேரச் செய்தி போடும் டிவி நிலையத்துக்கு இதனால் என்ன கிடைக்கிறது, எந்த வழியில் கிடைக்கிறது, எங்கே சிக்கிக்கொள்கிறது என்று யாரும் பிரித்து எழுதிப் பார்த்ததில்லை.

சட்டத்தின் நுணுக்கமும் கணக்கும் தெரிந்தவர்கள் எழுதுங்கள். "தளங்கள் திருடுகின்றன", "ஊடகங்கள் பிச்சை எடுக்கின்றன" என்ற சண்டைக்குத் தனி இழை இருக்கிறது.

#2 பிரிவு52

ஆஸ்திரேலியாவில் இருந்து தொடங்குகிறேன். அங்கே போட்டி ஆணையமான ஏ.சி.சி.சி. 2019 ஜூலையில் கொடுத்த அறிக்கைதான் விதை. சட்டம் 2021 பிப்ரவரியில் நிறைவேறியது. வேலை செய்யும் விதம் இதுதான்: நிதியமைச்சர் ஒரு தளத்தைப் பட்டியலில் சேர்க்க வேண்டும். சேர்த்தால் அந்தத் தளம் பேரத்துக்கு வந்தே ஆக வேண்டும். பேச்சு முறிந்தால் மத்தியஸ்தம். அதுவும் முறிந்தால் நடுவர் குழு. அங்கே இரு தரப்பும் ஆளுக்கு ஒரே ஒரு தொகை எழுதிக் கொடுக்க வேண்டும். குழு இரண்டில் ஒன்றைத்தான் எடுக்கலாம், நடுவில் வெட்ட முடியாது. அதனால் ஆகாசத்துக்குக் கேட்பவனும் தோற்பான், அடிமாட்டு விலை சொல்பவனும் தோற்பான்.

பலர் கவனிக்காத இடம்: இந்த இயந்திரம் ஒருமுறைகூட ஓடவில்லை. பட்டியலில் சேர்க்கப்படலாம் என்ற பயத்திலேயே கூகுளும் ஃபேஸ்புக்கும் சட்டத்துக்கு வெளியே ஒப்பந்தம் போட்டன. 2022-இல் அரசு மதிப்பாய்வு செய்தபோது 30-க்கும் மேற்பட்ட ஒப்பந்தங்கள் இருந்தன. சட்டம் நிறைவேறும் வாரத்தில் ஃபேஸ்புக் செய்தியை முடக்கியது நினைவிருக்கும். அதன் பலனாக இரண்டு சலுகைகள் நுழைந்தன. பட்டியலிடுவதற்கு ஒரு மாதம் முன்பே தளத்துக்குத் தெரிவிக்க வேண்டும். அது ஏற்கனவே போட்ட ஒப்பந்தங்களை அமைச்சர் கணக்கில் எடுக்க வேண்டும்.

டிவிக்கு இதில் கிடைத்தது: நைன், செவன் போன்ற பெரிய வலையமைப்புகளுக்கும் பொதுத்துறை ஏ.பி.சி.க்கும் பணம் வந்தது. இன்னொரு பொதுத்துறை ஒளிபரப்பான எஸ்.பி.எஸ்.ஸுக்குக் கூகுள் கொடுத்தது, ஃபேஸ்புக் மறுத்துவிட்டது. யாருக்கு எவ்வளவு என்பது ரகசியம். அந்தப் பணத்தைச் செய்திக்குத்தான் செலவிட வேண்டும் என்று சட்டத்தில் ஒரு வரிகூடக் கிடையாது. உள்ளூர் டிவிக்கான ஓட்டை அங்கேதான் இருக்கிறது என்பது என் கருத்து.

#3 கணக்குப்பிள்ளை

கனடா அந்த ஓட்டையை ஓரளவு அடைத்தது, ஆனால் வேறு பக்கம் திறந்துவிட்டது.

ஆன்லைன் செய்திச் சட்டம் (சி-18) 2023 ஜூன் 22-இல் ஒப்புதல் பெற்று டிசம்பர் 19-இல் அமலுக்கு வந்தது. நவம்பர் கடைசியில் கூகுள் அரசோடு ஓர் உடன்பாட்டுக்கு வந்தது: ஆண்டுக்கு 10 கோடி கனடிய டாலர், பணவீக்கத்துக்கு ஏற்ப உயரும். தனித்தனியாகப் பேசாமல் மொத்தத்தையும் செய்தி நிறுவனங்களுக்குப் பிரித்துக் கொடுக்கும் ஒரே கூட்டமைப்பிடம் கொடுத்துவிடும். இது விதிகளில் எப்படிப் பங்காகிறது என்றால்:

– பொதுத்துறை சி.பி.சி./ரேடியோ-கனடாவுக்கு அதிகபட்சம் 7 சதவீதம்
– மற்ற ஒளிபரப்பாளர்கள் அனைவருக்கும் சேர்த்து அதிகபட்சம் 30 சதவீதம்
– மிச்சம் 63 சதவீதம் அச்சு, இணையச் செய்திக்கு

ஒவ்வொரு தொகுதிக்குள்ளும் பங்கு கிளிக் எண்ணிக்கையை வைத்து இல்லை, பார்வையாளர் எண்ணிக்கையை வைத்தும் இல்லை. முழுநேரப் பத்திரிகையாளர் எத்தனை பேர் என்பதை வைத்து. இது டிவிக்கு நல்லது. கிளிக் கணக்கு என்றால் உள்ளூர் டிவி செத்தது, ஏனென்றால் அதன் செய்தியின் பெரும்பகுதி இணையத்தில் தனிப் பக்கமாக வருவதே இல்லை.

ஆனால் தொகையைப் பாருங்கள். ஒளிபரப்புக்கு மொத்தம் 3 கோடி டாலர், அதுவும் வானொலி உட்பட. தகுதி பெற்ற பத்திரிகையாளர் 1,500 பேர் என்று வைத்துக்கொள்வோம் (கணக்குக்காகத்தான், நிஜ எண் இல்லை). தலைக்கு 20,000 டாலர். பத்துப் பேர் இருக்கும் நிலையத்துக்கு 2 லட்சம். இரண்டு மூன்று நிருபர் சம்பளம், அவ்வளவுதான்.

பக்கத்தில் இதை வைத்துப் பாருங்கள். சி.டி.வி. நடத்தும் பெல் நிறுவனம் தன் செய்திப் பிரிவில் ஆண்டுக்கு 4 கோடி டாலருக்கு மேல் நஷ்டம் என்று சொன்னது. கூகுள் உடன்பாடு வந்து மூன்று மாதம் ஆகவில்லை, 2024 பிப்ரவரியில் டொராண்டோ தவிர எல்லா ஊர் சி.டி.வி. நிலையங்களிலும் வார நாள் மதியச் செய்தியை நிறுத்தியது. டொராண்டோ, மாண்ட்ரியல், ஒட்டாவா தவிர மற்ற ஊர்களில் வார இறுதி மாலை, இரவுச் செய்திகளும் போயின.

#4 ஆன்டெனா

மெட்டா என்ன கொடுத்தது?

#5 கணக்குப்பிள்ளை

பூஜ்யம். 2023 ஆகஸ்ட் 1 முதல் கனடாவில் ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம் இரண்டிலும் செய்தி இணைப்புகளை முடக்கத் தொடங்கியது. சட்டம் யார்மீது பாயும்? செய்தியைத் தன் தளத்தில் கிடைக்கச் செய்பவர்மீது. கிடைக்கவே செய்யவில்லை என்றால் சட்டம் பொருந்தாது. வெளியேறும் கதவைச் சட்டமே கட்டி வைத்திருக்கிறது.

#6 பிரிவு52

அதைப் பார்த்துத்தான் ஆஸ்திரேலியா வழியை மாற்றியது. 2024 மார்ச் 1-இல் மெட்டா பழைய ஒப்பந்தங்களைப் புதுப்பிக்க மாட்டோம் என்று அறிவித்தது. பட்டியலில் சேர்த்தால் கனடா மாதிரி முடக்கிவிடும் என்பது தெரிந்ததால் அமைச்சரும் சேர்க்கவில்லை. அந்த ஆண்டு டிசம்பரில் அறிவித்த புதிய திட்டம் செய்தியைக் காட்டுகிறாயா இல்லையா என்று கேட்பதில்லை. ஆஸ்திரேலியாவில் 25 கோடி டாலருக்கு மேல் வருமானம் பார்க்கும் தேடல், சமூக ஊடகத் தளம் என்றால் ஒரு கட்டணம். செய்தி நிறுவனங்களோடு ஒப்பந்தம் போட்டால் அந்தக் கட்டணத்தில் கழித்துக்கொள்ளலாம். முடக்கினாலும் கட்டணம் விழும் என்பதால் முடக்குவதில் லாபம் இல்லை.

நியூசிலாந்தில் மசோதா 2023 ஆகஸ்டில் வந்தது. அது சட்டமாகும் முன்பே அங்குள்ள தனியார் டிவி செய்திப் பிரிவான நியூஸ்ஹப் 2024 ஜூலை 5-இல் கடைசி செய்தியைப் போட்டு மூடிவிட்டது. கூகுள் இணைப்புகளை எடுத்துவிடுவேன் என்று அக்டோபரில் எச்சரித்த பிறகு அரசு மசோதாவை ஒதுக்கி வைத்தது.

#7 ரன்டவுன்

சட்டம் பேசுகிறவர்கள் ஒரு புல்லட்டினை உருவாக்க என்ன வேண்டும் என்று பார்ப்பதில்லை. அதைப் பார்த்தால்தான் அந்த 2 லட்சம் டாலர் எங்கே போகும், எங்கே போகாது என்று புரியும்.

அரை மணிச் செய்தியில் விளம்பரம் போக 22 நிமிடம் என்று எடுங்கள். வானிலை 3, விளையாட்டு 3, தலைப்புச் செய்தி, வாசிப்பாளர் பேச்சு இவற்றுக்கு 2. மிச்சம் 14 நிமிடம். ஒன்றரை நிமிடப் பேக்கேஜ் (நிருபர் முழுதாகத் தயாரித்த செய்தித் தொகுப்பு) ஐந்து, ஒவ்வொன்றுக்கும் 15–20 வினாடி முன்னுரை, இதற்கே 9 நிமிடம். பாக்கி ஐந்தை அரை நிமிட வி.ஓ. (காட்சி ஓட வாசிப்பாளர் பேசுவது), பைட் (ஒருவரின் பேச்சுத் துண்டு) என்று பத்தாக நிரப்ப வேண்டும். ஒரு நிருபர் ஒரு நாளில் ஒழுங்காக ஒரு பேக்கேஜ் தருவார், கூடவே ஒரு வி.ஓ. எடுப்பார். விடுப்பு, நோய், நீதிமன்றத்தில் நாள் முழுக்கக் காத்திருப்பு எல்லாம் சேர்த்தால் வாரம் ஐந்து நாளுக்கே ஆறேழு நிருபர் வேண்டும். ஏழு நாளுக்கு எட்டொன்பது. அதற்குக் கீழே போனால் உள்ளூர்ச் செய்தி என்ற பெயரில் தலைநகரப் பேக்கேஜைத்தான் ஓட்டுவார்கள்.

இது போக நிருபர் எண்ணிக்கையோடு ஏறி இறங்காத செலவு ஒன்று இருக்கிறது. ஸ்டுடியோ, பி.சி.ஆர். (நிகழ்ச்சிக் கட்டுப்பாட்டு அறை), பிளேஅவுட் (ஒளிபரப்பை ஓட்டும் அமைப்பு), டிரான்ஸ்மிட்டர் மின்சாரம், கோபுர வாடகை. ஆளைப் பாதியாகக் குறைத்தாலும் இது குறையாது. அதனால்தான் நிறுவனங்கள் முதலில் வாசிப்பையும் பி.சி.ஆரையும் ஒரே நகரத்துக்கு இழுக்கின்றன. நான்கைந்து ஊர்ச் செய்தியை ஒரே ஸ்டுடியோவில் அடுத்தடுத்துப் பதிவு செய்து அந்தந்த ஊருக்கு அனுப்புவார்கள். சேமிப்பு உண்மைதான். ஆனால் மதியம் பதிவு செய்த செய்தி மாலை ஆறுக்கு ஓடும்போது, ஐந்தரைக்கு ஊரில் வெள்ளம் புகுந்தால் திரையில் அது இருக்காது. களத்தில் இருந்து நேரலைக்கு முன்பு செயற்கைக்கோள் வண்டி வேண்டும். இப்போது பல சிம்களைச் சேர்த்து அனுப்பும் பேக்பேக் போதும். அதில் சிக்கல், பேரிடர் வந்தால் செல்போன் கோபுரமும் சேர்ந்தே விழும். எல்லா சிம்மையும் ஒரே நிறுவனத்தில் வாங்கிவைத்தால் கேட்கவே வேண்டாம்.

தலைக்கு இவ்வளவு என்று வரும் பணம் நிருபரைக் காப்பாற்றும். டிரான்ஸ்மிட்டரைக் காப்பாற்றாது. ஆஸ்திரேலியாவின் மில்டுரா என்ற ஊரில் டென் என்ற தேசிய வலையமைப்பின் அலைவரிசையைக் கொடுத்துவந்த கூட்டு நிறுவனம் 2024 ஜூன் 30-இல் மூடியதற்கும் தேடல் இணைப்புக்கும் சம்பந்தமே இல்லை. அந்த ஊர் விளம்பரச் சந்தைக்கு ஒளிபரப்புச் செலவு கட்டுப்படியாகவில்லை.

#8 ஒப்புதல்கடிதம்

பேரம் பேசும் உரிமை டிவிக்குப் புதிது இல்லை என்பதை யாரும் சொல்லவில்லையே. அமெரிக்காவில் 1992 கேபிள் சட்டத்திலேயே வந்துவிட்டது. ஒவ்வொரு உள்ளூர் வணிக நிலையமும் மூன்று ஆண்டுக்கு ஒருமுறை இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். கேபிள்காரன் கட்டாயம் காட்ட வேண்டும் என்றால் காசு கிடையாது. காசு வேண்டும் என்றால் மறுஒளிபரப்பு ஒப்புதல் என்ற வழியில் பேரம் பேச வேண்டும், படியவில்லை என்றால் சேனல் கேபிளில் இருந்து போய்விடும்.

முப்பது ஆண்டு அனுபவம் என்ன காட்டுகிறது? காசு வந்தது, பெரிய காசு. ஆனால் நிலையத்தின் கையில் முழுதாக நிற்கவில்லை. தேசிய வலையமைப்பு "என் நிகழ்ச்சிக்காகத்தானே உனக்குக் காசு" என்று சொல்லிப் பெரும்பங்கைத் திருப்பி வாங்கிக்கொள்கிறது. முன்பு நிலையத்துக்கு வலையமைப்பு கொடுக்கும், இப்போது தலைகீழ். இணையம் வழி டிவி (யூடியூப் டிவி போன்றவை) வந்தபின் இன்னும் மோசம். அவை சட்டப்படி கேபிள் கணக்கில் வராததால் ஒப்பந்தத்தை வலையமைப்பே பேசி முடிக்கிறது, உள்ளூர் நிலையம் வேண்டும் வேண்டாம் என்று மட்டும் சொல்லலாம்.

இன்னொரு வேடிக்கை. ஒரே சந்தையில் வெவ்வேறு முதலாளிகளின் நிலையங்கள் சேர்ந்து கேபிள்காரனிடம் பேசுவதை 2014-இல் காங்கிரஸ் தடை செய்தது. அதே நிலையங்கள் சேர்ந்து கூகுளிடம் பேசப் போட்டிச் சட்ட விலக்குத் தரும் ஜே.சி.பி.ஏ. மசோதா 2022 செப்டம்பரில் செனட் நீதிக் குழுவைத் தாண்டி அங்கேயே நின்றுவிட்டது.

கனடாவில் இந்த வழியே இல்லை. கேபிளிடம் சிக்னலுக்கு விலை கேட்கும் முறையை ஒழுங்குமுறை ஆணையம் சி.ஆர்.டி.சி. கொண்டுவரப் பார்த்தது. உச்ச நீதிமன்றம் 2012 டிசம்பரில் 5-க்கு 4 என்று அதற்கு அதிகாரம் இல்லை எனச் சொல்லிவிட்டது.

#9 கணக்குப்பிள்ளை

#8 அருமை. கனடாவில் அதற்கு மாற்றாக இருந்ததும் இருப்பதும் நிதி முறை. 2009-இல் உள்ளூர் நிகழ்ச்சி மேம்பாட்டு நிதி வந்தது, கேபிள், செயற்கைக்கோள் நிறுவனங்கள் வருமானத்தில் 1.5 சதவீதம் கட்டின. 2014 ஆகஸ்ட் 31-இல் முடித்துவிட்டார்கள். அடுத்த ஆண்டே, 2015 டிசம்பரில், ஹாமில்டனின் சி.எச்.சி.எச். நிலையத்தின் செய்தி நிறுவனம் திவால் ஆனது. செய்தியை வெட்டிச் சிறிதாக்கித்தான் மீண்டும் தொடங்கினார்கள். 2017 செப்டம்பரில் பெரிய குழுமங்களைச் சேராத நிலையங்களுக்கு மட்டும் தனி உள்ளூர்ச் செய்தி நிதி வந்தது, இப்போது 0.3 சதவீதம். 2024-இல் ஸ்ட்ரீமிங் நிறுவனங்களும் கட்ட வேண்டும் என்று சி.ஆர்.டி.சி. உத்தரவு போட்டது, அவை நீதிமன்றம் போய்விட்டன.

கேபிள் சந்தா குறையக் குறைய 0.3 சதவீதத்தின் மதிப்பும் குறையும். நிதியின் ஊற்றை மாற்றாமல் சதவீதத்தை மட்டும் பேசுவது வீண்.

#10 மலைக்கோபுரம்

கொஞ்சம் மறுப்பு. #2-இல் "செலவு நிபந்தனை இல்லை, அதனால் ஓட்டை" என்பது முழுசாகச் சரியில்லை. ஏ.பி.சி. அந்தப் பணத்தில் ஐம்பதுக்கும் மேற்பட்ட புதிய பத்திரிகையாளர்களைப் பெருநகரங்களுக்கு வெளியே நியமித்தது. நிபந்தனை இல்லாமலேயே நடந்தது.

#11 பிரிவு52

நடந்தது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஏ.பி.சி. பொதுத்துறை, பங்குதாரர் கிடையாது, பணம் எங்கே போகும் என்று முன்கூட்டியே அறிவித்தது. தனியார் டிவியை உள்ளூர்ச் செய்தி போட வைப்பது அங்கே வேறு விதி: ஒளிபரப்பு உரிமத்தின் புள்ளி முறை. குறிப்பிட்ட பிராந்தியங்களில் ஆறு வாரத்துக்கு 720 புள்ளி, எந்த வாரமும் 90-க்குக் குறையக்கூடாது. உள்ளூர்ச் செய்தி நிமிடத்துக்கு நிமிடம் எண்ணப்படும். பேரப் பணத்தை இந்த மாதிரி ஓர் உரிம நிபந்தனையோடு கோர்த்திருந்தால் கதை வேறு. இரண்டும் வெவ்வேறு அமைச்சகம், வெவ்வேறு சட்டம். கோர்க்க யாரும் முயலவில்லை.

#12 ஆன்டெனா

சரி, கனடாவில் காட்டுத்தீ நேரத்தில் மெட்டா முடக்கம் எவ்வளவு பாதித்தது? டிவி நிலையத்துக்கு அதில் பாடம் உண்டா?

#13 ரன்டவுன்

2023 ஆகஸ்ட் நடுவில் யெல்லோநைஃப் நகரத்தையே காலி செய்தார்கள், சுமார் 20,000 பேர். முடக்கம் தொடங்கி மூன்று வாரம்கூட ஆகவில்லை. உள்ளூர் ஊடகங்களின் ஃபேஸ்புக் பக்கம் இருந்தும் இல்லாத நிலை. மக்கள் செய்தியைத் திரையில் இருந்து படம் பிடித்து (ஸ்கிரீன்ஷாட்), எழுதிப் பகிர்ந்தார்கள். நேரம் தெரியாத பழைய படம்தான் வதந்தியின் தாய்.

டிவிக்குச் செய்ய வேண்டியது சில உண்டு. கீழ்ப்பட்டையில் எப்போதும் தேதியும் நேரமும் எரியட்டும், அப்போது யார் படம் பிடித்துப் பகிர்ந்தாலும் பழையது தெரியும். அவசரத் தகவலுக்குப் படமே இல்லாமல் எழுத்து மட்டும் உள்ள ஒரு இலேசான பக்கம் வைத்திருங்கள், பலவீனமான இணைப்பிலும் திறக்க வேண்டும். மின்னஞ்சல், குறுஞ்செய்திப் பட்டியலை அமைதியான நாளில் சேர்க்க வேண்டும், தீ வந்தபின் சேராது. ஆன்டெனா வழி வரும் சிக்னலை எந்தத் தளமும் முடக்க முடியாது. அந்த ஒரு காரணத்துக்காகவே டிரான்ஸ்மிட்டருக்கு டீசல் ஜெனரேட்டரும் எரிபொருள் இருப்பும் மாதாமாதம் சோதிக்க வேண்டும். செலவைக் குறைக்கும்போது முதலில் கைவைப்பது அதில்தான்.

#14 கணக்குப்பிள்ளை

#1 கேட்டதற்கு என் பதில். எந்த நாட்டில் எந்த வடிவில் சட்டம் வந்தாலும் சிறு நிலையம் இப்போதே செய்யக்கூடியவை.

முதலில் நேரப் பதிவு. கனடா மாதிரி முறையில் பங்கு என்பது பத்திரிகையாளர் நேரத்தின் பங்கு. ஒரே ஆள் காலையில் செய்தி எடுத்து மதியம் விளம்பரப் படம் வெட்டினால் அரை ஆள்தான். வாரவாரம் பதிவு இல்லையென்றால் தணிக்கையில் அந்த அரையும் போகும். பகுதிநேரம், ஒப்பந்த ஆட்கள் விடுபடுவதும் இங்கேதான். ஒளிப்பதிவாளரும் எடிட்டரும் எண்ணப்படுவார்களா என்பதை விதியின் வரையறையில் பார்த்துக்கொள்ளுங்கள், பதவிப் பெயரை வைத்து ஊகிக்க வேண்டாம்.

தகுதி. கனடாவில் பொதுவான வழி, குறைந்தது இரண்டு பத்திரிகையாளரைத் தொடர்ந்து வேலைக்கு வைத்திருப்பதும் ஓர் அறநெறிக் கோட்பாட்டைப் பின்பற்றுவதும். ஆஸ்திரேலியாவில் ஆண்டு வருமானம் 1.5 லட்சம் டாலருக்கு மேல் இருக்க வேண்டும். எழுத்து வடிவிலான திருத்தக் கொள்கை, புகார் பெறும் முறை இரண்டும் இல்லாமல் பல சிறு நிலையங்கள் ஓடுகின்றன. ஒரு வார வேலை, முடித்துவிடுங்கள்.

கணக்கு. செய்தியின் செலவைத் தனித் தலைப்பில் பிரியுங்கள். ஸ்டுடியோ வாடகை எந்த விகிதத்தில் செய்திக்கு என்று ஒருமுறை முடிவு செய்து, காரணத்தை எழுதிவைத்து, ஆண்டுதோறும் மாற்றாமல் இருங்கள். விகிதம் ஆண்டுக்கு ஆண்டு ஆடினால் எந்த நிதியும் கேள்வி கேட்கும்.

கடைசியாக, வந்த பணத்தை எதில் போடுவது. ஆஸ்திரேலியாவில் மெட்டா ஒப்பந்தங்கள் மூன்றாண்டுக் காலம். முடிந்ததும் நின்றுவிட்டது. அந்தக் காசில் நிரந்தர ஆள் எடுத்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள். குறைந்தது மூன்றில் ஒரு பங்கை ஒருமுறைச் செலவுக்கு வையுங்கள்: காப்பகத்தை ஒழுங்குபடுத்துவது, கேமரா, பேக்பேக்.

#15 ஒப்புதல்கடிதம்

#14-இல் ஒப்பந்த வாசகம் விடுபட்டது. நேரடியாகத் தளத்தோடு கையெழுத்துப் போடும் நிலை வந்தால் நான்கு இடத்தில் சிவப்புப் பேனா வையுங்கள். தேடலில் காட்டும் உரிமையோடு செயற்கை நுண்ணறிவுப் பயிற்சிக்கான உரிமையையும் ஒரே பத்தியில் சேர்த்திருக்கிறார்களா, சேர்த்திருந்தால் பிரித்துத் தனி விலை கேளுங்கள். காப்பகக் காட்சிகள் அடங்குமா. சட்டம் மாறினால் தளம் விலகலாம் என்ற வரி இருந்தால், விலகும்முன் எத்தனை மாத அறிவிப்பு. வலையமைப்போடு உங்களுக்கு இருக்கும் இணைப்பு ஒப்பந்தம் அவர்களுடைய காட்சிகளை மறுவிற்பனை செய்ய விடுகிறதா. நான்காவதைத்தான் யாரும் பார்ப்பதில்லை. உங்கள் புல்லட்டினில் ஓடும் தேசியப் பேக்கேஜ் உங்களுடையது அல்ல. அதையும் சேர்த்து உரிமம் கொடுத்துவிட்டால் வழக்கு வலையமைப்பில் இருந்து வரும்.

#16 செய்திமேசை

நன்றி. #14-இல் ஒரு சந்தேகம். இரண்டு ஊர் நிலையங்கள் ஒரே நிருபரைப் பகிர்ந்தால் நேரத்தை எந்த நிலையத்தில் காட்டுவது?

#17 கணக்குப்பிள்ளை

முதலாளி ஒருவரே என்றால் சம்பளப் பட்டியல் எந்த நிறுவனத்தின் பெயரில் இருக்கிறதோ அங்கே ஒருமுறை மட்டும். வெவ்வேறு முதலாளிகள் என்றால் சம்பளம் பகிரும் விகிதத்தை ஒப்பந்தத்தில் எழுதி, நேரப் பதிவிலும் அதே விகிதம் வர வேண்டும். இரண்டு பக்கமும் முழு ஆளாகக் காட்டினால் கூட்டமைப்பு இரண்டையும் ஒப்பிடும்போது தெரிந்துவிடும், பிறகு இருவரின் மொத்த விண்ணப்பமும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.